மயானங் காத்த மன்னர்

நடிகமணி வி. வி. வைரமுத்து என்னும் பெயரை அறியாத முதியவர் யாழ்ப்பாணக் குடாநாட்டில் இலர். குடாநாட்டுக்கு வெளியே அப்பெயரை அறிந்தோர் சிலர். கடல் கடந்து தமிழகஞ் சென்றால் அச்சிலரும் அரியராவர். அக்கரை நடிகரை இக்கரையிற் பள்ளிச் சிறுவனும் அறிவான். இக்கரை நடிகரை அக்கரையிற் பண்டிதரும் அறியார். இது நெடுநாளைய வழக்கு. இதனைக் குறைகூறுதற்கன்று, ஒருவர் புகழின் எல்லை எவ்வளவு என்பதை முதலிலேயே சொல்லிவிடுவது நன்று என்பதற்காகவே இதனை எழுதுகின்றேன். அந்த எல்லைக்குள்ளே அவர் அரசராக இருந்தார்.

வைரமுத்து 1924 ஆம் ஆண்டு காங்கேசன்துறையிற் பிறந்தவர். துறைமுகம் ஒருபுறம், கீரிமலைத் தீர்த்தமும் மாவிட்டபுரங் கந்தசுவாமி கோயிலும் மறுபுறம். பின்னர் அவ்வூருக்குச் சீமெந்துத் தொழிற்சாலையும் வந்தது. அதன் புகைபோக்கி பல மைலுக்கு அப்பாலும் தெரியும். பக்தியும் கூலியுழைப்பும் அடுத்தடுத்து வாழ்ந்த அவ்வூரிலிருந்து எழுந்த குரல் அவருடையது. இளம்பிராயத்திலேயே மேடையேறிய அவர், பிற்காலத்தில் வசந்தகான சபா என்னும் குழுவின் தலைவராய் விளங்கினார்.

அவர் ஆடிய நாடக வகையை இசை நாடகம் என்கின்றோம். இது நமது பழங் கூத்து அன்று. மேடை கட்டி, திரை தூக்கி, ஆர்மோனியம் வைத்து ஆடுவது. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) தமிழகத்தில் வகுத்துத் தந்த பாட்டும் உரையுமே இதற்குப் பெரும்பாலும் முதல். சென்ற நூற்றாண்டின் தொடக்கத்திலே தமிழகக் குழுக்கள் கப்பலேறி வந்து நம்மூர்களில் தகரக்கொட்டகை அமைத்து ஆடின. கிட்டப்பாவும் சுந்தராம்பாளும் முதன்முதலாகச் சேர்ந்து நடித்தது தமிழகத்திலன்று, கொழும்பிலே என்பது பலரும் அறிந்த செய்தி. வந்தவர் ஆடிப்போயினர், அவர்கள் ஆட்டத்தைக் கண்டு நின்ற நம்மவர் அதனைத் தமதாக்கிக்கொண்டனர். வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன், சத்தியவான் சாவித்திரி, நந்தனார் எனக் கதைகள் பல. எல்லாவற்றுக்கும் மேலாக நின்றது அரிச்சந்திரன் கதை. அரிச்சந்திரன் கதையிலும் மயான காண்டம்.

அரிச்சந்திர புராணத்தைப் பாடியவர் வீரகவிராயர். அவர் நல்லூரினர் என்று படித்த நம் மாணவர் சிலர் அதனை நம் நல்லூர் என மயங்குவதுண்டு. அது பாண்டிநாட்டு நல்லூர். அந்நூலை இன்று முழுவதும் படிப்பார் யாவர்? ஆயினும் மயானத்தில் நிகழ்ந்ததை நம்மூரிற் கேளாதவர் இல்லை. நாடிழந்து, மனைவியையும் மைந்தனையும் விற்று, தன்னையும் விற்று, காசியிற் சுடலை காக்கும் வீரவாகுவுக்கு அடிமையாய் நிற்கின்றான் அயோத்தி வேந்தன். அரவந் தீண்டி இறந்த லோகிதாசனைத் தூக்கிக்கொண்டு நள்ளிரவில் வருகின்றாள் சந்திரமதி. சுடலைக்குரிய வரி வாய்க்கரிசியும் முழத்துண்டும் காற்பணமும். அவளிடம் ஒன்றுமில்லை. தாலியை விற்றாவது கொடு என்கின்றான் காவலன். கணவன் கண்ணுக்கன்றி வேறெவர் கண்ணுக்கும் புலப்படாத தாலி அது. அவள் திடுக்கிடுகின்றாள். அதன்பின் இருவரும் ஒருவரையொருவர் அறிகின்றனர். அறிந்த பின்னும் அவன் வரியை விடுவதில்லை. ஏனெனில் வரி எசமானுக்குரியது.

இந்த ஒரு காண்டத்தை மட்டுமே தனியே எடுத்து ஆடும் வழக்கம் நம் நாட்டில் வேரூன்றியதற்கு வைரமுத்துவே பெருங் காரணர். அவர் மயான காண்டத்தை மூவாயிரத்துக்கு மேற்பட்ட முறை ஆடினார் என்பர். இத்தகைய எண்களைக் கேட்டாற் கணக்குப் போட்டுப் பார்ப்பது எனக்குப் பழக்கம். ஒரு நடிகர் நாற்பது ஆண்டுகள் ஆடினார் என்று கொண்டால், ஆண்டுக்கு எழுபத்தைந்து இரவுகள். ஐப்பசி மழை தொடங்கினால் திறந்தவெளி மேடை இல்லை. ஆகவே கோயிற் பொங்கலும் மடையும் திருவிழாவும் நிகழும் ஆறேழு மாதங்களுள் இவ்வளவும் அடங்கவேண்டும். கிழமைக்கு இரண்டு மூன்று இரவுகள் மகனை இழந்து, மனைவியை வெட்ட வாளோங்கி, விடியுமுன் வீடு திரும்புதல் என்பது அதன் பொருள். பார்த்தவரும் வேறுவேறு நாட்டினர் அல்லர். குடாநாடு சிறிது. சென்ற கிழமை அளவெட்டியிற் பார்த்தவரே இந்தக் கிழமை மல்லாகத்திலும் வந்து பாய் விரிப்பர். வாள் மாலையாகும் என்பது கைக்குழந்தைக்குந் தெரியும். தெரிந்த கதையை ஏன் பார்த்தனர்? இன்றைக்கு எவ்விடத்தில் அவர் குரல் உடையும், எந்த விருத்தத்தை எந்த இராகத்திற் கொண்டுபோவார், எவ்வளவு நேரம் பேசாது நிற்பார் என்பதைப் பார்க்கவே வந்தனர். கதை பழையது, அவ்விரவு புதியது.

நான் அவரைக் கண்டது எனது பத்தாவது வயதில், 1970களின் இறுதியில். எங்கள் ஊர் வைரவர் மடை. ஆச்சி கச்சான் பொட்டலத்தை மடியிற் கட்டிக்கொண்டு என்னை முன்வரிசைப் பாயில் இருத்தினார். திரைக்குப் பின்னிருந்து குரல் முதலில் வந்தது. முகங் காட்டாமற் குரலை மட்டும் முன்னனுப்புவது இசை நாடகத்தின் வழக்கு. கச்சான் உடைக்கும் ஓசை நின்றுவிட்டது. பின்னர் அவர் வந்தார். கையிற் கோல், தோளிற் கறுப்புக் கம்பளி. ஓர் அரசனுக்குரிய எதுவும் அவர்மேல் இல்லை; நடையில் மட்டும் இருந்தது.

பிற்காலத்தில் இலக்கணம் படித்து ஆசிரியனானபின் அக்குரலை ஒலிப்பதிவுகளிற் கேட்டேன். அப்பொழுதுதான் ஒன்று விளங்கிற்று. விருத்தத்தை அவர் சீர் பிரித்துப் பாடுவார். இராகம் நீளும், ஆனாற் சொல் உடையாது. ழகரமும் ளகரமும் தத்தம் இடத்தில் நிற்கும். கற்ற வித்துவான்கள் சிலர் சங்கீதத்தின் பொருட்டுத் தமிழைச் சிதைக்கக் கேட்டிருக்கின்றேன். அவர் சிதைத்ததில்லை. எழுத்தறியாத எங்கள் ஆச்சி, வாய்க்கரிசி, முழத்துண்டு, காற்பணம் என்ற சொற்களை எந்தப் பள்ளியிலும் கற்றவரல்லர். பகலிற் கோயில் மண்டபத்திற் கந்தபுராண படனத்திற் கேட்ட தமிழ் ஒருபாதி. இரவில் இம்மேடையிற் கேட்ட தமிழ் மறுபாதி. முதற்பாதியைப் பற்றி எங்கள் பண்டிதர் உலகம் நிறைய எழுதியது. மறுபாதியைப் பற்றி மிகக் குறைவாகவே எழுதியது.

வைரமுத்துவைப் பற்றி எழுதுவோர் அவரை மட்டுமே எழுதுகின்றனர். அது இயல்பே. ஆனால் மயான காண்டம் ஒருவர் ஆடும் நாடகமன்று. அரிச்சந்திரன் மேடையில் நிற்கும் நேரத்தைக் காட்டிலும் சந்திரமதி அழும் நேரம் குறைந்ததன்று. அவ்வேடத்தை அந்நாளிற் பெரும்பாலும் ஆடவரே பூண்டனர். மைந்தனைக் கையில் ஏந்திப் புலம்ப வேண்டும். சுருதி இறங்காமற் புலம்ப வேண்டும். மன்னன் பாடும்போது அழுகையைத் தணித்து அவருக்கு இடங்கொடுக்கவும் வேண்டும். தலைமை நடிகர் ஒரு விருத்தத்தை எதிர்பாராத இராகத்தில் எடுத்தால், மறுமொழி பாடுபவர் அதே கணத்தில் அதனைப் பற்றிக்கொள்ள வேண்டும். ஒத்திகை கிடையாது. ஆர்மோனியக்காரர் மேடையோரத்திலிருந்து இருவரையும் பார்த்துக்கொண்டே விரலை நகர்த்துவார். குரல் களைத்த இடத்திற் பின்பாட்டாற் தாங்குவார். லோகிதாசனாகக் கிடக்கும் சிறுவனின் கடமை அசையாதிருத்தல். வைகாசி மாதத்து இரவில், விளக்கைச் சுற்றும் பூச்சிகளுக்கு நடுவே, ஒரு நாழிகைக்கு மேல் அசையாமற் கிடப்பது எத்துணைப் பெரிய நடிப்பு என்பதை நுளம்பு கடித்தவர் அறிவர்.

இத்தகையோரின் பெயர்கள் நோட்டீசில் சிற்றெழுத்தில் வரும்; சிலவேளை வாராது. இது எங்கள் நாட்டுக்கு மட்டும் உரிய வழக்கமன்று. 1913 இல் பால்கே எடுத்த இந்தியாவின் முதல் முழுநீளத் திரைப்படமும் அரிச்சந்திரன் கதையே. அதில் அரசியாக நடிக்கப் பெண் ஒருவரும் முன்வரவில்லை. பம்பாய் உணவுச்சாலையொன்றில் வேலைசெய்த சாளுங்கே என்னும் இளைஞரைப் பால்கே கண்டு, அவருக்குச் சேலையுடுத்தி அரசியாக்கினார். நான்கு ஆண்டுகளின்பின் வந்த இலங்காதகனம் என்னும் படத்தில் அதே இளைஞர் இராமனாகவும் சீதையாகவும் தோன்றினார். பால்கே பெயரால் இன்று விருது உண்டு. அந்த அரசியின் பெயர் ஆராய்ச்சியாளர் வாயில் மட்டுமே வாழ்கின்றது. காந்தியடிகள் சிறுவயதில் அரிச்சந்திர நாடகம் பார்த்து அதிலிருந்து மீளமுடியாதிருந்ததைத் தம் சரிதையில் எழுதினார்; அன்று ஆடியவர் யாவர் என்பதை அவரும் எழுதவில்லை.

இனி, சொல்லக் கூசுவதைச் சொல்லவேண்டும். யாழ்ப்பாணத்தில் இசை நாடகத்தை ஏந்தி வளர்த்தவருட் பெரும்பாலோர், சமூகம் தாழ்த்தி வைத்த மக்கள். கூத்தாடி என்ற சொல்லை வசையாகவே உயர்ந்தோர் எனப்பட்டோர் வழங்கினர். இரவில் அரசன், பகலில் முற்றத்தோடு நிறுத்தப்படுபவன். மயான காண்டத்தின் பொருளோ அரசன் ஒருவன் சுடலை காக்கும் புலையனுக்கு ஆளாதல். அதனைக் கண்டு கண்ணீர் வடித்தவருள் எங்கள் பாட்டனாரும் ஒருவர். அவர் கதிரையில் இருந்து பார்த்தார். தோளிற் கிடந்த சால்வையாற் கண்ணைத் துடைத்ததை நான் பாயிலிருந்து திரும்பிப் பார்த்தேன்.

மறுநாட் காலை குழுவைச் சேர்ந்த ஒருவர் எஞ்சிய பணத்தைப் பெற எங்கள் வீட்டுக்கு வந்தார். மடையின் கணக்குப் பாட்டனார் கையில் இருந்தது. வந்தவர் படலைக்கு வெளியே நின்றார். மெலிந்த தேகம், சாதாரணச் சாரமும் சட்டையும். காதின் பின்புறத்தில் அரிதாரம் கழுவுப்படாமல் இருந்தது. அதைக் கண்டு நான் அவர் யாரென அறிந்தேன். முதல்நாளிரவு அவர்பொருட்டே நான் அழுதிருந்தேன். பாட்டனார் தலைவாசலில் இருந்தபடி பணத்தை எண்ணி என்னிடங் கொடுத்துக் கொண்டுபோய்க் கொடுக்கச் சொன்னார். ஆச்சி தேநீர் ஊற்றினார். வீட்டார் அருந்தும் மூக்குப்பேணியில் அன்று. மதிலோரம் கவிழ்த்து வைத்திருந்த தகரப்பேணியில். சந்திரமதி அதனைக் குடித்து, கிணற்றடிக்குச் செல்லாமல் வாய்க்காலோரத்தில் நின்று தாமே கழுவி, மறுபடி அதே இடத்திற் கவிழ்த்துவிட்டுச் சென்றார். எங்கே கவிழ்க்கவேண்டும் என்பது அவருக்குச் சொல்லாமலே தெரிந்திருந்தது. பாட்டனார் கொடியவர் அல்லர். அதுவே என்னை இன்றும் உறுத்துகின்றது.

நந்தனார் கதையையும் வைரமுத்து ஆடினார். கோயிலுட் புகமுடியாது வெளியே நின்று உருகும் அடியாரின் வேடம் அது. அவரூருக்கு அடுத்த மாவிட்டபுரத்திலே 1968 ஆம் ஆண்டு, தாழ்த்தப்பட்ட மக்கள் கோயிற் கதவின் முன் உட்கார்ந்து ஆலயப் பிரவேசங் கேட்டனர். தடுக்க நின்றோருள் நந்தனார் நாடகத்தை விரும்பிப் பார்த்தோர் எத்தனை பேரோ? மேடையிற் கண்ட நந்தனாருக்கு அழுவது எளிது. அவர் சிதம்பரத்தில் இருக்கின்றார். வாசலில் வந்து நிற்பவருக்கு அழுவது அரிது.

பண்டிதராகிய நாங்களும் கைகழுவிக்கொள்ள இயலாது. 1960களிற் பேராசிரியர் சு. வித்தியானந்தன் மட்டக்களப்புக் கூத்தைப் பேராதனைப் பல்கலைக்கழக மேடைக்குக் கொணர்ந்தார். கர்ணன் போரும் இராவணேசனும் கற்றோர் அவையில் மதிப்புப் பெற்றன. கூத்து நமது தொன்மை என்றோம். அது வேண்டிய செயல், பெருஞ் செயல். ஆனால் இசை நாடகம் இரண்டுங்கெட்ட இடத்தில் நின்றது. கூத்தென்று கொண்டாட அதற்குத் தொன்மை போதாது. நாடகமென்று மதிக்க அதில் நவீனம் போதாது. கச்சேரி என்று சொல்லவோ அது வைரவர் மடையில் நிகழ்கின்றது! மக்கள் மிகவும் விரும்பியதே அறிஞரால் மிகவும் குறைவாக எண்ணப்பட்டது. காரை செ. சுந்தரம்பிள்ளை போன்றோர் அதன் வரலாற்றை முயன்று எழுதினர். அவர்கள் செய்யாதிருந்தால் இன்னும் பல பெயர்கள் போயிருக்கும். நானும் பல ஆண்டுகள் நாடகப் பாடத்தைக் கற்பித்தேன். மாணவருக்கு மனோன்மணீயத்தைச் சொன்னேன். ஒருமுறையேனும் மயான காண்டத்தைச் சொல்லவில்லை. பாடத்திட்டத்தில் இல்லை என்பது என் விடையாக இருந்தது.

வைரமுத்துவின் இறுதிப் பத்தாண்டு அவர் கலைக்கு உகந்த காலமன்று. 1979 இல் இலங்கையில் தொலைக்காட்சி வந்தது. 1982 இல் ரூபவாஹினி தொடங்கியது. நம்மவர் உயர்ந்த அன்ரெனாக் கம்பம் நாட்டிச் சென்னைத் தூரதர்ஷனையே பிடித்தனர். கோயில் மடைகளிலும் வாடகைக்குப் பெட்டி எடுத்து விடிய விடிய வீடியோப் படம் போடும் வழக்கம் பரவிற்று. ஆயினும் பெட்டி மட்டும் இக்கலையை வீழ்த்தியது என்பதை நான் ஒப்பமாட்டேன். இரவே இல்லாமற் போயிற்று. 1983 இன் பின் ஊரடங்கும் துவக்குச் சத்தமும் குடாநாட்டின் இரவைப் பறித்துக்கொண்டன. விடியுமட்டும் நிகழும் நாடகத்துக்கு, விடியுமுன் அச்சமின்றி வீடு திரும்பக்கூடிய ஒழுங்கை வேண்டும். அது இல்லாதபோது பகலில் ஆடினர், சுருக்கி ஆடினர். நடுப்பகல் வெயிலிற் சுடலை எப்படித் தோன்றும்?

1989 ஆம் ஆண்டு சூலை மாதம் அவர் காலமானார். இந்திய அமைதிப்படை இங்கு நின்ற காலம் அது. மறு ஆண்டே காங்கேசன்துறையும் அதனைச் சூழ்ந்த வலிகாம வடக்கு ஊர்களும் வெறுமையாயின. 1990 ஆனியில் மக்கள் கையிற் கிடைத்ததைத் தூக்கிக்கொண்டு வெளியேறினர். அந்நிலம் உயர்பாதுகாப்பு வலயமாயிற்று. இருபது ஆண்டும் அதற்கு மேலும் சிலர் முகாம்களில் வாழ்ந்தனர். நாடிழந்து, வீடிழந்து, அந்நிய ஊரில் நின்ற அரிச்சந்திரன் கதையை அம்மக்களுக்கு எவரும் விளக்கவேண்டியதில்லை. இடம்பெயர்ந்தோர் எடுத்துச் சென்றவற்றுள் அவர் குரல் பதிந்த ஒலிநாடாக்களும் இருந்தன. அவை பின்னர் கனடாவுக்கும் ஐரோப்பாவுக்கும் போய்ச் சேர்ந்தன. கடலுக்கு அப்பால் நாற்பது மைலிற் கேளாத குரல் நாலாயிரம் மைலுக்கு அப்பாற் கேட்டது.

சென்ற ஆண்டு எங்கள் வைரவர் மடையில் மீண்டும் மயான காண்டம். ஆடியவர்கள் இளைஞர், வைரமுத்துவைக் கண்டிராதவர். என் மாணவர் சிலரை அழைத்துக்கொண்டு சென்றேன். பாய்க்குப் பதில் பிளாஸ்ரிக் கதிரை. தூக்குத்திரைக்குப் பதில் அச்சடித்த பெரிய சீலை. மன்னனாக வந்த பிள்ளை சில இடங்களிற் பழைய குரலை அப்படியே பிடித்தார். அவ்விடங்களில் என் பக்கத்திலிருந்த முதியவர்கள் தலையசைத்தனர். சந்திரமதியாக வந்தவர் எவரையும் பிடிக்கவில்லை. தம் குரலிலேயே அழுதார். எனக்கு அது பிடித்திருந்தது.

முடிந்ததும் மேடையின் பின்புறஞ் சென்றேன். அரிச்சந்திரனைச் சூழ்ந்து பலர் கைபேசியிற் படம் எடுத்துக்கொண்டிருந்தனர். சற்றுத் தள்ளி, வேப்பமரத்தடியில், சேலையைக் களைந்து சாரம் உடுத்து, தேங்காயெண்ணெயால் அரிதாரத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார் அவ்விளைஞர். கிட்டச்சென்று நின்றேன். அவர் நிமிர்ந்து பார்த்தார். ஆசிரியர் என அறிந்து எழுந்தார். பெயர் என்ன தம்பி என்று கேட்கவே வாயெடுத்தேன். நான் வழி தவறி வந்துவிட்டதாக எண்ணினார் போலும். எண்ணெய்க் கையை நீட்டி, அரிச்சந்திரன் அந்தப் பக்கம் நிற்கின்றார் என்று காட்டினார்.